கயோவுக்கு வந்த கடிதம்

கிரேஸ்லினுக்குச் சில்வண்டு கிடைத்தது. தமயந்திக்கு மின்மினி.

சாலிகிராமத்தில் பழைய டப்பிங் தியேட்டர் ஒன்றை இடித்துவிட்டுக் கட்டிய நான்கு மாடி ஸ்டூடியோ அது. பெயர் கீற்று அனிமேஷன். மூன்றாம் மாடியில், புதிய தொடருக்காக உழைக்கும் பதினோரு பேர் வட்டமாக உட்கார்ந்திருந்தார்கள். டோக்கியோவிலிருந்து வந்திருந்த இயக்குநர் குரோய்வா எத்சுகோ ஒவ்வொருவர் முன்னாலும் ஓர் அட்டையை வைத்துக்கொண்டு வந்தார். அட்டைக்கு ஒரு பூச்சி. பழைய ஜப்பானிய மடக்குத் திரைகள், அரக்குப் பெட்டிகள், கிமோனோக்கள் இவற்றிலிருந்து எடுத்த படங்கள். அந்த அம்மாளுக்கு அறுபது வயது இருக்கும். அவர் மெதுவாகப் பேசப் பேச, மேசை மேலிருந்த மொழிபெயர்ப்புக் கருவி செய்தி வாசிப்பவரின் குரலில் அதைச் சுத்தமான தமிழில் சொல்லியது.

"எங்கள் ஓவியத்தில் பூச்சியை அழகுக்காக வரைவது குறைவு. ஒரு பெண்ணின் அருகே எந்தப் பூச்சி இருக்கிறது என்று பார்த்தால் போதும். அவள் வாய் திறக்கும் முன்பே அவள் மனம் எங்களுக்குத் தெரிந்துவிடும். அனிமே படங்களிலும் அதே வழக்கம்தான். போர்வீரர்கள் தலைக்கவசத்தில் தட்டானை வைத்துக்கொண்டார்கள். அது பின்னால் பறக்காது என்று நம்பினார்கள். கல்யாண உடையில் ஜோடிப் பட்டாம்பூச்சி. பார்க்கும் கோணத்துக்கு ஒரு நிறம் காட்டும் பொன்வண்டு, எதையும் பிடிகொடுத்துப் பேசாதவருக்கு."

புரொடக்‌ஷன் மேனேஜர் ரகுநந்தனுக்குக் கும்பிடுபூச்சி வந்ததும் எல்லோரும் சிரித்தார்கள். தமயந்தி சிரிக்கவில்லை. தட்டான் தனக்கு வரும் என்று ஒரு வாரமாக நினைத்துக்கொண்டிருந்தாள். அதைப் பற்றிப் படித்துக்கூட வைத்திருந்தாள்.

"உனக்கு லைட்டு எரியுற பூச்சிடி, நல்லாதான இருக்கு. என்னைப் பாரு, வாய் மூடாத பூச்சி," என்றாள் பக்கத்தில் இருந்த கிரேஸ். அவள் குரல் கேட்டு இயக்குநரே சிரித்தார். அவர் கிரேஸைப் பார்த்துத் தலையசைத்த விதத்தைத் தமயந்தி கவனித்து வைத்துக்கொண்டாள்.

பதினெட்டு வருடப் பழக்கம் இருவருக்கும். ஓவியக் கல்லூரியில் ஒரே வகுப்பு, கோடம்பாக்கம் ஹாஸ்டலில் ஒரே அறை, பிறகு ஒரே ஸ்டூடியோ. கிரேஸ் மணப்பாட்டுக்காரி. கடற்காற்றில் கத்திப் பேசி வளர்ந்த தொண்டை. அவள் நுழைந்தால் அறையில் இருப்பவர்கள் முகம் மாறும். தமயந்தி நுழைந்தது பல சமயம் யாருக்கும் தெரியாது. கிரேஸை விட அவள் நன்றாக வரைவாள் என்பது கிரேஸ் உட்பட எல்லோருக்கும் தெரியும். இருந்தும் எல்லோரும் கிரேஸிடம்தான் போய் நிற்பார்கள்.

கூட்டம் முடிந்ததும் தமயந்தி நான்காம் மாடிக்கு ஏறினாள். அங்கே இம்ரானின் அறை. ஒருவரின் மனப்போக்கைப் படப் பாத்திரத்துக்குள் ஏற்றும் மனவார்ப்பு இயந்திரத்தைப் பார்த்துக்கொள்ளும் பொறியாளர் அவன். முப்பது வயது, எப்போதும் கையில் ஒரு டீ கப்.

"எனக்கு மின்மினின்னு யார் முடிவு பண்ணாங்க, இம்ரான்?"

"நீங்கதான் மேடம். நாப்பது தடவை தொப்பிய மாட்டிக்கிட்டு உக்காந்தீங்கல்ல, அதுல வந்ததுதான்."

"அதுல என் ஞாபகமெல்லாம் போயிருக்கா?"

"சேச்சே. உங்க ஊரு, உங்க அம்மா பேரு எதுவும் உங்க கேரக்டர் மிசாவோவுக்குத் தெரியாது. ஒரு விஷயம் நடந்தா உங்க மனசு எந்தப் பக்கம் சாயும், எவ்வளவு சாயும். அது மட்டும்தான் உள்ள போகுது. கதையில மிசாவோ அக்கா, கயோ தங்கச்சி. சாயப் பட்டறை வெச்சிருக்காங்க. எழுத்தாளர் சூழ்நிலைய மட்டும்தான் எழுதுவார். தங்கச்சிக்குப் புதுத் துணி வந்திருக்கு, அக்காவுக்கு வரல. அவ்வளவுதான். மிச்சத்தை ரெண்டு பேரும் உள்ள வாழ்ந்துக்குவாங்க. நாம அதைப் படமா எடுத்துக்கறோம்."

"மிசாவோ நான். கயோ கிரேஸ்."

"மனசு மட்டும் மேடம்," என்றான் இம்ரான்.

கீழே இறங்கும்போது படிக்கட்டில் குரோய்வா எதிர்ப்பட்டார். கருவி அவர் கழுத்தில் தொங்கிக்கொண்டிருந்தது. தமயந்தி தயங்கி நின்று கேட்டுவிட்டாள்: "எனக்கு ஏன் தட்டான் இல்லை?"

அவர் அவளைக் கொஞ்ச நேரம் பார்த்தார். "தட்டானுக்கு முன்னால் இருப்பது மட்டும்தான் தெரியும். நீங்கள் பக்கத்தில் இருப்பவரையே பார்க்கிறீர்கள்," என்றது கருவி. "சில்வண்டு தன் ஏக்கத்தை ஊர் முழுக்கச் சொல்லிவிடும். மின்மினிக்குக் குரல் கிடையாது. உள்ளே எரிவது வெளியே தெரியும், அவ்வளவுதான். எங்கள் ஓவியர்களுக்கு இரண்டில் மின்மினி மேல்தான் பிரியம் அதிகம்."

கடைசி வாக்கியம் ஆறுதலுக்காகச் சொன்னது என்று தமயந்தி எடுத்துக்கொண்டாள்.

'நீலப் பட்டறை' ஜூன் மாதம் வெளியானது. மூன்றாம் வாரத்துக்குள் கயோ எல்லோருடைய வீட்டுப் பெண்ணாகிவிட்டாள். அவள் நீலச் சாயம் அப்பிய கையோடு சந்தையில் பேரம் பேசுவாள், அழுகை வந்தால் தெருவில் உட்கார்ந்து அழுவாள், அழுது முடித்ததும் பசிக்கிறது என்பாள். வடபழனியில் ஒரு ஆட்டோவின் பின்னால் கயோவின் படத்தை ஒட்டியிருந்தார்கள். பள்ளிக்கூடப் பிள்ளைகள் அவளைப் போலவே மூக்கை உறிஞ்சிக்கொண்டு பேசினார்கள். கயோ யாருடைய மனதிலிருந்து வார்க்கப்பட்டவள் என்று ஒரு பத்திரிகை எழுதியதும், கிரேஸைப் பார்க்க ஸ்டூடியோ வாசலில் ஆட்கள் வரத் தொடங்கினார்கள்.

மிசாவோவை அழுத்தக்காரி என்றார்கள். குரோய்வா அவளுக்கு ஒரு விதி வைத்திருந்தார். அவள் மனதில் எது மூண்டாலும் முகம் மாறாது, பேச்சு மாறாது, பின்கழுத்தில் மட்டும் பச்சையும் மஞ்சளுமாய் ஓர் ஒளி ஏறும். தங்கையைப் பார்த்து ஊர் சிரிக்கும்போதெல்லாம் ஏறியது. தங்கைக்குக் காய்ச்சல் கண்டு மூன்று நாள் பக்கத்திலேயே உட்கார்ந்திருந்தபோதும் ஏறியது. அது எந்த ஒளி, இது எந்த ஒளி என்று ரசிகர்கள் தர்க்கம் செய்துகொண்டார்கள். தமயந்திக்குத் தர்க்கம் தேவைப்படவில்லை. ஒவ்வோர் அத்தியாயமும் முடிந்து விளக்கு போட்டபோது அவள் தன்னை அறியாமல் பின்கழுத்தில் கை வைத்துக்கொண்டாள்.

"கயோ சிரிச்சா உனக்கு ஏண்டி அப்படி எரியுது?" என்று கேன்டீனில் எல்லோர் முன்னாலும் கேட்டாள் கிரேஸ். கேட்டுவிட்டு அவளே சிரித்து, தன் தட்டிலிருந்த வடையில் பாதியைப் பிய்த்துத் தமயந்தியின் தட்டில் வைத்தாள்.

ஒன்பதாம் அத்தியாயத்தின் சூழ்நிலைக் குறிப்பு ஒரு செவ்வாய்க்கிழமை காலையில் வந்தது. வார்ப்புக்கு உட்கார்ந்தவர்களுக்கு முன்கூட்டியே ஒரு பிரதி கொடுப்பது ஒப்பந்தத்தில் இருந்தது. பத்து வரிதான். தலைநகரில் இருக்கும் ஓவிய ஆசான் ஒருவர் கயோவைச் சிஷ்யையாகச் சேர்த்துக்கொள்ளச் சம்மதிக்கிறார். கடிதத்தோடு ஆள் வருகிறான். கயோ துணி அலச ஆற்றின் கீழ்ப்பக்கம் போயிருக்கிறாள். மூன்று நாளுக்குள் பதில் வர வேண்டும். கடிதத்தை மிசாவோ வாங்கிக்கொள்கிறாள். குறிப்பு அதோடு முடிந்தது.

தமயந்தி அதை இரண்டு தடவை படித்தாள். பிறகு பாத்ரூமுக்குப் போய்க் கதவைத் தாழிட்டுக்கொண்டு நின்றாள்.

பதினான்கு வருடத்துக்கு முன், கல்லூரி முடித்த கோடையில், ஜப்பானின் கியோத்தோ நகரில் இருக்கும் ஓர் ஓவியப் பள்ளிக்கு இருவரும் விண்ணப்பித்திருந்தார்கள். இந்தியாவிலிருந்து ஒருவரை மட்டும் எடுப்பார்கள். தேர்வானவருக்கு மட்டும்தான் தகவல் வரும். கிரேஸ் தன் அக்காவின் கல்யாணத்துக்காக ஊருக்குப் போயிருந்தாள். போன இடத்தில் போனைக் கடலில் போட்டுவிட்டாள். அவள் கொடுத்திருந்த கல்லூரி மின்னஞ்சல் முகவரியை அதற்குள் மூடிவிட்டார்கள். அதனால் விண்ணப்பத்தில் மாற்று எண்ணாக இருந்த எண்ணுக்கு அழைப்பு வந்தது. அது தமயந்தியின் எண்.

அவள் ஹாஸ்டல் மாடியில் துணி காயப்போட்டுக்கொண்டிருந்தாள். மிஸ் கிரேஸ்லினிடம் சொல்லிவிடுங்கள், வெள்ளிக்கிழமைக்குள் சம்மதம் தெரிவிக்க வேண்டும் என்றது மரியாதையான ஒரு பெண் குரல். நிச்சயமாகச் சொல்கிறேன் என்றாள் தமயந்தி. கிரேஸின் அக்கா எண் அவளிடம் இருந்தது. கல்யாண மண்டபத்தின் எண்கூட இருந்தது, பத்திரிகையில். செவ்வாய் போனது, புதன் போனது. நாளைக்குச் சொல்லலாம் என்று ஒவ்வொரு நாளும் நினைத்தாள். வெள்ளிக்கிழமை சாயங்காலத்துக்குப் பிறகு நினைக்க எதுவும் இல்லை. சனிக்கிழமை கிரேஸ் ஒரு பை நிறைய முந்திரிக்கொத்தோடு வந்து இறங்கினாள். "கியோத்தோல இருந்து ஒண்ணும் வரலல்ல?" என்று ஒரே ஒரு முறை கேட்டாள். வரவில்லை என்றாள் தமயந்தி. அந்த இடம் தமயந்திக்கும் கிடைக்கவில்லை. யாருக்குப் போனது என்றுகூட அவளுக்குத் தெரியாது.

இத்தனை வருடமாக அவள் தனக்குச் சொல்லிக்கொண்ட சமாதானம் ஒன்றுதான். என் மனசு அப்படி அமைந்துவிட்டது. இந்த மனசை வைத்துக்கொண்டு வேறு எதுவும் செய்திருக்க முடியாது.

இப்போது அதே மனசு திரையில் ஒரு கடிதத்தை வாங்கப்போகிறது.

அவள் இம்ரானிடம் போனாள். "ஒன்பதாவதுல அந்த லெட்டர் சீனைத் தூக்கச் சொல்லு."

"என் கையில இல்ல மேடம். முக்கியமான சீனெல்லாம் டோக்கியோலதான் ஓட்டறாங்க. முடிவான படம் மட்டும்தான் இங்க வரும். ஏன், என்ன பிரச்சினை?"

"கதைக்குப் பொருந்தல."

"நான் வேணா நீங்க சொன்னதா எழுதிப் போடறேன்."

குரோய்வாவின் பதில் மறுநாள் வந்தது. காட்சி அவசியம், காரணம் இருந்தால் எழுதவும். காரணம் எழுத அவளால் முடியவில்லை.

ஞாயிற்றுக்கிழமை மாதா கோவில் பூசை முடிந்து வந்திருப்பாள் என்று கணக்குப் போட்டு, விருகம்பாக்கத்தில் கிரேஸின் வீட்டுக்குப் போனாள். ஊர் பார்ப்பதற்கு முன்னால் நாமே சொல்லிவிடலாம் என்பதுதான் எண்ணம். வழியெல்லாம் முதல் வாக்கியத்தைத் தயார் செய்துகொண்டே போனாள். கதவு திறந்தே இருந்தது. கிரேஸ் சாப்பாட்டு மேசையில் உட்கார்ந்து ஒசாகா ரசிகர்களோடு திரையில் பேசிக்கொண்டிருந்தாள். மொழிபெயர்ப்புக் கருவி இல்லாமல், தட்டுத் தடுமாறி, ஜப்பானிய மொழியிலேயே.

"நீ எப்ப கத்துக்கிட்ட?" என்று கேட்டாள் தமயந்தி.

"அது ஆச்சு பத்து வருஷம். சும்மா ஒரு ஆசை. யார்கிட்டயும் சொல்லிக்கல," என்றாள் கிரேஸ். திரையில் முப்பது நாற்பது முகங்கள். கிரேஸ் ஒரு வார்த்தையைத் தப்பாகச் சொல்ல, அத்தனை முகங்களும் வாய்விட்டுச் சிரித்தன. ஒரு வயதான பெண் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். தப்பாகப் பேசியும் இப்படிச் சிரிக்க வைக்க இவளால் முடிகிறதே என்று தமயந்திக்குத் தோன்றியது. தயார் செய்து வைத்திருந்த வாக்கியம் எங்கோ போய்விட்டது. இவளுக்கு என்ன குறைந்துவிட்டது என்ற பழைய கேள்விதான் மிச்சம் இருந்தது.

"சும்மாதான் வந்தேன்," என்று சொல்லி, காபி குடித்துவிட்டுத் திரும்பிவிட்டாள்.

வியாழக்கிழமை பிற்பகல் மூன்று மணிக்கு ஒன்பதாம் அத்தியாயத்தை ஸ்டூடியோ ஊழியர்களுக்குப் போட்டுக் காட்டினார்கள். மிசாவோ வாசலில் கடிதத்தை வாங்கினாள். வந்தவனுக்குத் தண்ணீர் கொடுத்தாள். மூன்று நாளில் வருகிறேன் என்று சொல்லி அவன் போனான். அவள் கடிதத்தைப் பிரித்துப் படித்துவிட்டு, மடித்து இடுப்பில் செருகிக்கொண்டாள். அடுப்பை மூட்டினாள், சாயத்தொட்டியைக் கிளறினாள். பின்கழுத்தில் ஒளி ஏறிக்கொண்டே போனது. தெருக்கோடியில் கயோவின் பாட்டுக் குரல் கேட்டது. மிசாவோ கடிதத்தை எடுத்து, நீலத்தொட்டிக்குள் விட்டு, கட்டையால் மெல்ல அழுத்தினாள். தாள் நனைந்து, எழுத்து கரைந்து, எல்லாம் நீலத்தோடு சேர்ந்தது. கயோ உள்ளே வந்து, "யாராவது வந்தாங்களா?" என்று கேட்டாள். "யாரும் வரல," என்றாள் மிசாவோ.

விளக்கு போட்டதும் எல்லோரும் கை தட்டினார்கள். இரண்டு பேர் தட்டவில்லை.

"தமயந்தி மேடம் இதைப் போய்த் தூக்கச் சொன்னாங்க. நல்ல வேளை, டைரக்டர் கேக்கல," என்று இம்ரான் ரகுநந்தனிடம் சொன்னது முன்வரிசை வரை கேட்டது. கிரேஸ் திரும்பித் தமயந்தியைப் பார்த்தாள். அவள் முகத்தில் வழக்கமாக இருக்கும் எதுவும் அப்போது இல்லை.

லிஃப்ட் பக்கத்தில் கிரேஸ் அவளைப் பிடித்துக்கொண்டாள்.

"அந்த சீனை எதுக்குத் தூக்கச் சொன்ன?"

தமயந்தி லிஃப்ட் பொத்தானை அழுத்தினாள்.

"அக்கா கல்யாணத்தப்போ என் போன் போயிடுச்சு. ஃபார்ம்ல உன் நம்பர்தான் குடுத்திருந்தேன். நான் திரும்பி வந்தப்புறம் ஒரு வாரம் நீ என் முகத்தைப் பார்த்துப் பேசல. தலைவலின்னு சொன்ன." கிரேஸ் நிறுத்தி மூச்சு வாங்கினாள். "கியோத்தோல இருந்து போன் வந்துச்சா தமி?"

"வந்துச்சு."

"எனக்கா?"

"உனக்குத்தான்."

லிஃப்ட் வந்து திறந்து, யாரும் ஏறாததால் மூடிக்கொண்டது.

"பதினாலு வருஷம் என் பக்கத்துல உக்காந்து சாப்பிட்டிருக்க," என்றாள் கிரேஸ். அவள் குரல் அவ்வளவு தாழ்ந்து தமயந்தி கேட்டதே இல்லை.

"நான் என்ன பண்ணட்டும் கிரேஸ். என் மனசு அப்படி. இப்பப் பார்த்தல்ல? என் ஞாபகம் எதுவும் இல்லாத ஒருத்திகிட்ட இதே மனசைக் குடுத்தாலும் அவளும் அதையேதான் பண்றா."

கிரேஸ் சட்டென்று திரும்பினாள். படிக்கட்டில் இறங்கிப் போனாள். மறுநாளே இடத்தை மாற்றிக் கேட்டு, முதல் மாடிக்கு வண்ணம் சரிபார்க்கும் பிரிவுக்குப் போய்விட்டாள்.

ஒன்பதாம் அத்தியாயம் வெளியானதும் நிலைமை தலைகீழானது. ஊர் மிசாவோவைப் பிடித்துக்கொண்டது. நானும் ஒரு தடவை இப்படிச் செய்திருக்கிறேன் என்று முகம் தெரியாத பெண்கள் ஆயிரக்கணக்கில் எழுதினார்கள். வடபழனி ஆட்டோவில் இப்போது மின்மினி. டோக்கியோவில் நடக்கும் விழாவுக்கு வரும்படி தமயந்திக்கு அழைப்பு வந்தது. கிரேஸிடம் இருந்ததெல்லாம் ஒரே மாதத்தில் அவள் பக்கம் வந்துவிட்டது. வாசலில் நின்ற ஆட்கள் இவளிடம் கையெழுத்து வாங்கினார்கள். அவள் முதல் மாடியைக் கடக்கும்போதெல்லாம் கண்ணாடிக்கு உள்ளே பார்த்தாள். கிரேஸ் யாரிடமாவது சிரித்துப் பேசிக்கொண்டிருப்பாள். அதைப் பார்த்தால் இப்போதும் வயிறு எரிந்தது.

செப்டம்பர் கடைசியில் தொடர் முடிந்தது. ஒரு மத்தியானம் இம்ரான் அவளை வழிமறித்தான்.

"மேடம், ஒரு விஷயம். சீசன் முடிஞ்சதால ஓட்டின எல்லாத்தையும் இங்க சேமிக்க அனுப்பியிருக்காங்க. ஒன்பதாவதுல அந்த லெட்டர் சீன். அதை எத்தனை தடவை ஓட்டினாங்க தெரியுமா? இருநூறு."

"ஒரே சீனையா?"

"ஒவ்வொரு தடவையும் சின்னச் சின்ன வித்தியாசம் வரும். காத்து, சத்தம், முந்தின நாள் தூக்கம், அந்த மாதிரி. அதுல நல்லதா ஒண்ணை எடுத்துக்குவாங்க. விஷயம் அதில்ல. நூத்தித் தொண்ணூத்தொன்பது தடவை மிசாவோ லெட்டரைக் குடுத்துட்டா மேடம். ஒரே ஒரு தடவைதான் தொட்டியில போட்டா. நூத்தி அறுபத்தி நாலாவது தடவை."

தமயந்தி நாற்காலியைத் தேடி உட்கார்ந்தாள். "போடு," என்றாள்.

அவன் போட்டான். ஒன்றில் மிசாவோ கடிதத்தை வாங்கிய கையோடு ஆற்றங்கரைக்கு ஓடினாள், வழுக்கி விழுந்தாள், எழுந்து ஓடினாள். இன்னொன்றில் இரண்டு நாள் இடுப்பிலேயே வைத்திருந்து, மூன்றாம் நாள் காலையில் சோற்றுத் தட்டின் பக்கத்தில் வைத்துவிட்டு, எதுவும் சொல்லாமல் எழுந்து போனாள். ஒன்றில் தொட்டிக்கு மேல் நீட்டிய கையைத் திரும்ப இழுத்துக்கொண்டாள். ஒன்றில் கயோவின் முகத்தில் விட்டெறிந்தாள். தமயந்தி நாற்பது வரை பார்த்தாள். நாற்பதிலும் பின்கழுத்து எரிந்தது. எரியாமல் ஒன்றுகூட இல்லை. எரிந்துகொண்டேதான் கொடுத்தாள்.

குரோய்வாவைத் திரையில் அழைக்கச் சொன்னாள். அவர் வந்தார்.

"கொடுத்ததை எல்லாம் விட்டுவிட்டு, கொடுக்காததை ஏன் எடுத்தீர்கள்?"

"கொடுத்துவிட்டால் பத்தாம் அத்தியாயம் இல்லை," என்றது கருவி.

"ஊரே மிசாவோ அப்படிப்பட்டவள் என்று நினைக்கிறது. நானும் அப்படித்தான் நினைத்தேன்."

அவர் யோசித்தார். "கொடுத்தவள் நீங்கள்தான். கொடுக்காதவளும் நீங்கள்தான். இயந்திரத்தால் இருநூறு முறை ஓட்ட முடியும், எனக்குப் படத்துக்கு ஒரு முறைதான் வேண்டியிருந்தது. உங்களை இது வருத்தும் என்று எனக்குத் தெரியாது. ஏன் வருத்துகிறது?"

கியோத்தோ அழைப்பு விஷயத்தைத் தமயந்தி கிரேஸுக்கு அடுத்து முதன்முறையாக இன்னொருவரிடம் சொன்னாள். குரோய்வா முழுவதையும் கேட்டார். பிறகு தலை குனிந்தார். கருவி எதையும் மொழிபெயர்க்கவில்லை.

அழைப்பு முடிந்த பிறகும் அவள் எழுந்திருக்கவில்லை. தன்னால் முடியாது என்று வைத்திருந்த ஒன்றை இந்த நூற்றுத் தொண்ணூற்று ஒன்பது பேரும் தன் மனசை வைத்துக்கொண்டே செய்திருந்தார்கள். ஒவ்வொருத்தியையும் பார்க்கப் பார்க்க அவளுக்குப் பொறாமையாக இருந்தது. இவர்கள் யாரும் இனி ஹாஸ்டல் மாடியை நினைத்துக்கொண்டு வாழ வேண்டியதில்லை.

இதை யாரிடமும் சொல்லாமல் வைத்துக்கொள்ளலாம் என்றும் தோன்றியது. அப்படித் தோன்றியதும்தான் எழுந்தாள். நாளை என்று விடாமல் முதல் மாடிக்கு இறங்கி, இரண்டு மாதத்துக்குப் பிறகு கிரேஸின் மேசை முன்னால் போய் நின்றாள்.

"மேல இம்ரான் ரூம்ல ஒண்ணு இருக்கு. நீ பார்க்கணும். நான் கூட இருக்கக் கூடாதுன்னா வரல."

கிரேஸ் வந்தாள். தமயந்தி வாசற்படியிலேயே நின்றுகொண்டாள். இம்ரான் விஷயத்தைச் சொல்லி, முதல் சிலதைப் போட்டான். கிரேஸ் மூன்று பார்த்துவிட்டுத் திரும்பினாள்.

"இதை எதுக்கு எனக்குக் காட்டற? நீ நல்லவள்னு நான் சொல்லணுமா?"

"இல்ல. தெரிஞ்சு வெச்சுக்கிட்டு உன்கிட்ட சொல்லாம இருந்தா மறுபடியும் அதையே பண்ண மாதிரி."

கிரேஸ் திரை பக்கம் திரும்பிக்கொண்டாள். "அடுத்தது போடுங்க," என்றாள்.

நான்கு மணிக்கு டீ வந்தது, ஆறிப்போனது. கிரேஸ் மிசாவோவைப் பார்க்கவே இல்லை என்பது தமயந்திக்குக் கொஞ்ச நேரம் கழித்துத்தான் புரிந்தது. அவள் கயோவைப் பார்த்துக்கொண்டிருந்தாள். கடிதத்தை வாங்கும் கயோ. ஈரக்கையைப் பாவாடையில் துடைத்துக்கொண்டு வாங்கும் கயோ. படித்துவிட்டு ஆற்றுக்குள்ளேயே உட்கார்ந்துவிடும் கயோ. அக்காவைக் கட்டிக்கொண்டு அழும் கயோ.

"இத்தனை பேருக்குக் கிடைச்சிருக்கு," என்றாள் கிரேஸ்.

இம்ரான் அடுத்ததைப் போடப் போக, அவள் கை காட்டி நிறுத்தினாள்.

"இதுக்கப்புறம் என்ன ஆகுது?"

"லெட்டரைப் படிச்சதும் நிறுத்திடுவோம் மேடம். அதுக்கு மேல சூழ்நிலை எழுதல," என்றான் இம்ரான்.

"நான் சொல்றேன், எழுதிக்கோங்க. காலையில படகு வருது. கயோ மூட்டை கட்டி வெச்சிருக்கா. ஆசான் வீட்டுல அவளுக்காகக் காத்திருக்காங்க."

இம்ரான் தமயந்தியைப் பார்த்தான். அவள் தலையசைத்தாள். அவன் தட்டச்சு செய்தான்.

படகு துறையை விட்டு நகர்ந்தது. கயோ கரையைப் பார்த்து ஒரு தடவை கையசைத்தாள். அப்புறம் படகோட்டியிடம் தலைநகரைப் பற்றி ஓயாமல் கேட்க ஆரம்பித்தாள். அங்கே என்ன சாப்பிடுவார்கள், ஆசான் கோபக்காரரா, வீதிகள் எவ்வளவு அகலம். கடிதத்தை மடியில் வைத்து இரண்டு கையாலும் பிடித்திருந்தாள்.

கிரேஸ் நாற்காலியைத் திரைக்கு அருகே இழுத்துப் போட்டுக்கொண்டாள். உதடு இறுகியிருந்தது. அழுகை வரவில்லை, கோபமும் தெரியவில்லை. கயோ ஒவ்வொரு முறை சிரித்தபோதும் அவள் கண் கொஞ்சம் சுருங்கியது. அந்தப் பார்வையைத் தமயந்திக்கு நன்றாகத் தெரியும். பதினான்கு வருடமாக அவள் கிரேஸைப் பார்த்த பார்வை அது.

"நிறுத்தாதீங்க," என்றாள் கிரேஸ். "போய்ச் சேரட்டும், பார்ப்போம்."